கயிலைச் சாரலில் ஒரு சேனாதிபதியின் சமாதி

"சேர், நெப்போலியனை வென்றது ருஷியரா, குளிரா?"

வரலாற்று வகுப்பில் 1812ஆம் ஆண்டுப் படையெடுப்பைத் தொடங்கும்போதெல்லாம் இவ்வினாவை எதிர்பார்த்தே நாம் தொடங்குவது வழக்கம். வினா எழாத ஆண்டு எமது நினைவில் இல்லை. மார்கழி விடியலிலே போர்வைக்குள் முடங்கிக் கிடப்பதையே பெருங்குளிர் என்று எண்ணும் எமது யாழ்ப்பாணத்துப் பிள்ளைகளுக்கு, ஒரு பெருஞ்சேனையைக் குளிர் விழுங்கிற்று என்னும் செய்தி மாயக்கதைபோல இனிக்கும். அவர்களுக்கு நாம் கூறும் விடையும் ஆண்டுதோறும் ஒன்றே. நெப்போலியன் நீமன் நதியைக் கடந்தது யூன் மாதம் 24ஆம் திகதி. அது நல்ல கோடை. வெயிலும் புழுதியும் பசியும் நோயும் அவனுடைய சேனையைத் தின்னத் தொடங்கின. மொஸ்கோ நகரை எட்டுமுன்னரே அவனோடு சென்ற படை பாதிக்கு மேல் குறைந்துவிட்டது. ஒக்டோபர் 19ஆம் திகதி அவன் திரும்பிப் புறப்பட்டபோது, வந்த வழியே போக நேர்ந்தது. அவ்வழியிலோ உண்ண ஒரு பிடி தானியமும் குதிரைக்கு ஒரு கட்டுப் புல்லும் மிஞ்சியிருக்கவில்லை. அதன் பின்னரே உறைபனி வந்தது. முன்னமே பாதி செத்திருந்த படையின் மீதிப் பாதியை அது கொன்றது.

இவற்றையெல்லாம் நூல்களிலே படித்துத்தான் சொல்லிவந்தோம். குளிர் என்பது மனிதனை என்ன செய்யும் என்பதை எமது பத்து விரல்களாலும் அறிந்துகொண்டது பின்னர். அதுவும் ஆவணி மாதத்தில்.

சில ஆண்டுகளுக்கு முன்னர் கல்லூரி விடுமுறைக் காலத்தில் கயிலை யாத்திரை செல்லும் பேறு எமக்குக் கிடைத்தது. இந்தியக் குடிமக்கள் குமாவோன் மலைகளைக் கடந்து லிபுலேக் கணவாய் வழியாகப் போவர். இலங்கையராகிய நாம் நேபாளம் சென்றே அப்பால் ஏக வேண்டும். நேபாள்கஞ்சிலிருந்து சிறு விமானத்தில் சிமிகோட். சிமிகோட்டிலிருந்து ஹெலிகொப்டரில் ஹில்சா. புறப்படும் நாளன்று எமது மனைவியார் தாமே பின்னிய ஒரு சோடிக் கம்பளிக் கையுறைகளைக் கொண்டுவந்து, "இஞ்சாருங்கோ, இதையும் வைச்சுக் கொண்டு போங்கோ" என்றார். ஆவணி மாதத்திற் கையுறையா என நாம் நகைத்தோம். அவர் மறுமொழி கூறாமற் பெட்டியின் அடியிலே செருகிவிட்டார்.

ஹில்சாவிலே கர்ணாலி நதியின் மேலுள்ள பாலத்தைக் கடந்தால் திபெத்து. அங்கிருந்து நல்ல தார் வீதி. ஒரு மணி நேரத்துக்குள் வண்டி தக்லாகோட்டை அடைந்தது. திபெத்தியர் இவ்வூரைப் புராங் என்பர். கடல் மட்டத்திலிருந்து ஏறக்குறைய பதின்மூவாயிரம் அடி உயரம். பழைய யாத்திரை நூல்களைப் படித்துவிட்டுச் செல்பவர் இன்றைய ஊரைக் கண்டு ஏமாறுவர். எங்கும் சீன அரசினர் எழுப்பிய சதுரமான கட்டிடங்களும் கடைகளுமே. ஊருக்கு மேலே குன்றின்மீது நூற்றுக்கணக்கான துறவிகள் வாழ்ந்த சிம்பிலிங் மடம் பண்பாட்டுப் புரட்சிக் காலத்தில் இடிக்கப்பட்டுச் சுவர்களாய் நின்றது. எனினும் நதியோரத்து வயல்கள் பழையனவே. பார்லியும் பட்டாணியும் பச்சைப் பாய் விரித்தாற்போலக் கிடந்தன. அப்பசுமைக்கு ஒரு முழம் அப்பாலே புல்லற்ற செம்மண் மலைகள். மரம் என்று சொல்லத்தக்கது வீடுகளை ஒட்டி நட்டு வளர்த்தவை தவிர வேறில்லை. மரமின்மையை வாசகர்கள் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். இனி நாம் கூறப்போகும் செய்தியில் அதற்குப் பெரிய பங்கு உண்டு.

மறுநாள் மானசரோவரம் நோக்கிப் புறப்பட்டோம். ஊரைவிட்டுச் சில மைல் சென்றதும், வீதிக்கருகே தோயோ என்னுஞ் சிற்றூரில், மண்ணும் கல்லுமாய்க் குவிந்த ஒரு மேட்டை வழிகாட்டியான நேபாள இளைஞர் சுட்டிக்காட்டினார். மேட்டின் மேலே வண்ணக் கொடித்துணிகள் காற்றிலே படபடத்தன. "சிங்பா ராஜாவின் சமாதி" என்றார் அவர். எம்முடன் வந்த யாத்திரிகர் எவரும் திரும்பிப் பார்க்கவில்லை; எல்லோருடைய கண்களும் கயிலையைத் தேடிக்கொண்டிருந்தன. எமக்கோ உடல் சிலிர்த்தது. அந்தச் 'சிங்பா ராஜா' யாரென்பது எமக்குத் தெரியும். அலெக்சாண்டர் கனிங்காம் 1854இல் வெளியிட்ட லடாக்கு பற்றிய நூலிலே பல காலத்திற்கு முன்னர் அவனைச் சந்தித்திருந்தோம். ஆயினும் அவன் இறந்த களம் கயிலைக்குச் செல்லும் வழியோரத்திலேயே கிடக்கும் என நாம் கருதியதில்லை.

அவன் பெயர் ஜொராவர் சிங். இன்றைய இமாசலப் பிரதேசத்தைச் சேர்ந்த கலூர் என்னும் சிற்றரசிலே பிறந்த இராசபுத்திரன். ஜம்முவை ஆண்ட குலாப் சிங்கிடம் சேவகம் புகுந்து, படிப்படியாக உயர்ந்து, கிஷ்த்வார் மாகாணத்தின் அதிகாரியானான். குலாப் சிங்கோ லாகூரிலிருந்து ஆண்ட சீக்கியப் பேரரசுக்குட்பட்ட குறுநில மன்னன். தெற்கேயும் மேற்கேயும் கைநீட்ட இடமில்லாத அவ்வரசன் பார்வை வடக்கே இமயத்திற்கு அப்பாற் சென்றது. அப்பார்வைக்குக் கைகளாகவும் கால்களாகவும் இருந்தவன் ஜொராவர் சிங்.

இவனைக் குளிரறியாத சமவெளி மனிதன் என்று எண்ணிவிடலாகாது. உறைபனியை இவனளவு அறிந்த இந்தியத் தளபதி அந்நாளில் வேறொருவன் இருந்தானா என்பதே ஐயம். 1834இல் சில ஆயிரம் டோக்ரா வீரருடன் கிஷ்த்வாரிலிருந்து மலை கடந்து லடாக்கினுட் புகுந்தான். குளிர்காலம் வந்ததும் சுரு ஆற்றுப் பள்ளத்தாக்கிலே தங்கினான். லடாக்கியர் பனிமலைகளைச் சுற்றிவந்து அவன் பின்னே தோன்றினர். ஆயினும் உடனே தாக்காது காலங் கடத்தினர். டோக்ராக்கள் முந்திக்கொண்டு பாய்ந்தனர். தப்பியோடிய லடாக்கியருள் நானூறு பேர் வரை காலடியிற் பனித்தளம் இடிந்து வீழ மாண்டனர் என்பது கனிங்காம் தரும் செய்தி. மண்ணின் மைந்தரையே அவர்களுடைய பனி விழுங்க, அந்நியன் தப்பினான். முடிவில் லடாக்கின் அரசன் ஐம்பதினாயிரம் ரூபா போர்ச்செலவும் ஆண்டுதோறும் இருபதினாயிரம் ரூபா திறையும் தர இசைந்தான்.

அடுத்தது பல்திஸ்தான். பல்தியர் சிந்து நதியின் பாலங்களை அழித்துவிட்டுக் கரையிலே காத்திருந்தனர். ஜொராவர் சிங் கடக்கும் துறை தேடி ஆற்றோரமாக நாட்கணக்கில் நடந்தான். உணவு குறைந்தது, பனி பொழிந்தது, முன்னே அனுப்பிய பெரும்பிரிவு ஒன்று அழிந்தது. அவ்வேளையில் அவனுடைய அதிகாரிகளுள் ஒருவனான மேத்தா பஸ்திராம், சிலரை அழைத்துக்கொண்டு ஆறு உறைந்து கிடந்த ஓரிடத்தைக் கண்டுபிடித்தான். தார்தர் எனப்படும் உள்ளூர் மலைவாசிகள் அவ்வுறைநீரையே பாலமாக்கிக் கொடுத்தனர். பாலத்தின் வழியே படை அக்கரை ஏறிற்று. பஸ்திராமுடன் சென்றவர்களிற் சிலர் குளிரினாற் கை கால்களை இழந்தனர். 1840இல் ஸ்கார்டு கோட்டை வீழ்ந்தது. அதன் அரசன் அகமது ஷாவைச் சிறைப்படுத்தித் தன்னோடு கொண்டுசென்றான் ஜொராவர் சிங்.

இவ்விரு வெற்றிகளையும் ஊன்றிப் படிப்பவருக்கு ஒன்று புலனாகும். முதலாவதில் எதிரியின் சோம்பலும், இரண்டாவதில் அயலாரின் துணையும் அவனைக் காத்தன. அவனோ பனியை வென்றவன் தானே என்று கருதினான் போலும். இது எமது ஊகமே. ஆயினும் அவன் மூன்றாம் முறை செய்ததைப் பார்க்கும்போது வேறுவிதமாக எண்ண இயலவில்லை.

1841ஆம் ஆண்டு மே மாதத்தில், ஐயாயிரம் ஆறாயிரம் பேர் கொண்ட படையுடன் அவன் லேயிலிருந்து திபெத்தின்மீது எழுந்தான். காரணம் ஆட்டுமயிர். வேடிக்கையன்று. காஷ்மீரத்துச் சால்வைகளுக்கு வேண்டிய மெல்லிய பஷ்மினா மயிர் மேற்குத் திபெத்தின் உயர்ந்த மேட்டுநில ஆடுகளிலிருந்தே கிடைத்தது. அவ்வாணிபம் முழுவதும் லடாக்கின் வழியே நிகழ்வது பழைய வழமை. டோக்ராக்கள் லடாக்கைப் பிடித்த பின்னர், வணிகர் அவ்வழியை விட்டுப் பிரித்தானியர் ஆட்சிக்குட்பட்ட மலைநாட்டின் வழியே மயிரைக் கொண்டுபோகத் தலைப்பட்டனர். வாய்க்காலைப் பிடித்தவனுக்கு நீர் வேறு பக்கம் பாய்கிறது. ஆகவே ஊற்றையே பிடித்துவிடுவோம் என்று புறப்பட்டான். மேற்குத் திபெத்து முற்காலத்தில் லடாக்கிற்கு உரியதாயிருந்தது என்பதும் அவனுக்கு ஏற்றதொரு சாட்டாயிற்று.

கோடையில் எல்லாம் எளிதாக நடந்தன. ருடோக், கார்டோக் முதலிய இடங்கள் ஒவ்வொன்றாக வீழ்ந்தன. செப்ரெம்பர் மாதத் தொடக்கத்தில் தக்லாகோட் அவன் கைப்பட்டது. மடங்கள் சூறையாடப்பட்டன. நேபாள எல்லையையும் குமாவோன் எல்லையையும் அவன் தொட்டுவிட்டான். கயிலைக்கு மேற்கே வெந்நீரூற்றுகள் உள்ள தீர்த்தபுரியைத் தன் பாசறையாகக் கொண்டான். மானசரோவரத்தில் நீராடிக் கயிலையை வழிபட்டான் என்றும் கூறுவர். ஆயின் அவனுக்கும் லேக்கும் இடையே நேர்கோட்டில் அளந்தாலே ஏறக்குறைய முந்நூறு மைல் தூரம். மலை சுற்றும் பாதையில் இன்னும் மிகுதி. ஐப்பசி பிறந்தால் இடையிலுள்ள கணவாய்கள் அடைபட்டுவிடும். திரும்பவேண்டிய காலம் அதுவே. அவன் திரும்பவில்லை.

இவ்விடத்திற் கதையைச் சற்று நிறுத்தி, மானசரோவரக் கரையில் எமக்கு நேர்ந்ததைச் சொல்லவேண்டும். ஏரிக்கரை விடுதியில் ஓரிரவு தங்கினோம். பதினையாயிரம் அடி உயரம். விடியுமுன் எழுந்து கயிலையின் மீது முதற்கதிர் படுவதைக் காண வெளியே வந்தோம். காட்சியைப் பற்றி நாம் எழுதப்போவதில்லை. அதற்கு அப்பர் பெருமானின் யாத்திரையைப் பாடிய சேக்கிழார் போன்றவர் வேண்டும். எமக்கு நிகழ்ந்தது மிக அற்பமான செய்தி. மேலங்கியின் பொத்தான் ஒன்று கழன்றிருந்தது. அதைப் பூட்ட முயன்றோம். விரல்கள் வந்தன, பொத்தானையும் தொட்டன. தொட்டதோ எமக்குத் தெரியவில்லை. கண்ணாற் பார்த்துப் பார்த்துத் தள்ளினோம். பொத்தான் துளைக்குள் நுழைய மறுத்தது. கால் மணி நேரம் இவ்வாறு கழிந்திருக்கும். முடிவிற் சமையற்காரரான ஷெர்பா ஒருவர் வந்து, சிறுபிள்ளைக்குச் செய்வதுபோல எமக்குப் பொத்தானைப் பூட்டிவிட்டு, கைகளில் ஒரு கோப்பைச் சூடான தேநீரைத் திணித்தார். சிறிது பொறுத்து விரல்களுக்கு உயிர் திரும்பியபோது எழுந்த வேதனையால் வாய்விட்டு அலறிவிட்டோம். அறைக்குட் சென்று பெட்டியின் அடியிலிருந்து அந்தக் கையுறைகளைத் தேடி எடுத்தோம்.

அது ஆவணி. வயிறு நிறைய உண்டு, இரு கம்பளிகளுக்குள் உறங்கி எழுந்தவரின் கதி அது. மார்கழியில் இவ்விடம் எப்படியிருக்கும்? சுவாமி பிரணவானந்தர் என்னும் ஆந்திர நாட்டுத் துறவி 1936ஆம் ஆண்டு தொடங்கி ஒரு குளிர்காலம் முழுவதும் இவ்வேரிக்கரை மடமொன்றிலே தங்கிக் குறிப்பெழுதினார். டிசம்பர் மாதக் கடைசியில் ஏரி முழுவதும் உறைந்து பாறையாகிவிட்டது; உறைந்த நீர் பிளக்கும் ஒலி இடிபோல முழங்கிற்று. இந்நிலத்திலேதான் ஜொராவர் சிங்கின் சேனை போரிட்டது, ஏறக்குறைய அந்த மாதத்திலே.

கார்த்திகை நெருங்க, லாசாவிலிருந்து ஏறக்குறைய பதினாயிரம் பேர் கொண்ட திபெத்தியப் படை வந்து சேர்ந்தது. ஜொராவர் சிங் முதலில் முந்நூறு பேரை அனுப்பினான், அவர்கள் அழிந்தனர். பின் அறுநூறு பேரை அனுப்பினான், அவர்களும் அழிந்தனர். எஞ்சிய படையுடன் தானே தீர்த்தபுரியை விட்டுத் தெற்கே இறங்கினான். டிசம்பர் 10ஆம் திகதி தோயோவின் அருகே போர் மூண்டு மூன்று நாள் நீடித்தது.

அந்நாட்களில் டோக்ரா வீரர் பட்ட பாட்டைக் கனிங்காம் விரிவாக எழுதியிருக்கின்றார். நூலாசிரியர் கற்பனை செய்தாரல்லர். மேலே பாலத்துறை கண்டவனாகக் கூறிய அதே மேத்தா பஸ்திராம் இப்படையிலும் இருந்தான். உயிர் தப்பிய அவனிடமே அவர் டோக்ராப் போர்களின் வரலாற்றைக் கேட்டறிந்தார். பகலிலும் நீர் உருகாத குளிர். இரவுகளை வெட்டவெளியிலே கழிக்கவேண்டும். ஆட்டுத்தோலுடை தரித்துத் தீயைச் சூழ்ந்திருக்கும் திபெத்தியனுக்கே அரிதான இரவுகள் அவை. மரமற்ற நாட்டில் விறகுக்கு எங்கே போவது? டாமா என்னும் முட்புதரும் யாக் மாட்டுச் சாணமுமே அங்குள்ள எரிபொருள். புதரோ தீயைவிடப் புகையையே மிகுதியாகத் தரும். பனி மூடிய நிலத்தில் அதனையும் தேடிப் பொறுக்க வேண்டும். எதிரி சூழ்ந்திருக்கையில் பாசறையை விட்டு வெளியே போவதும் இயலாது. ஆகவே சில வீரர் தம் துப்பாக்கிகளின் மரக்கட்டைகளைக் கழற்றி எரித்துக் குளிர்காய்ந்தனர்.

இச்செய்தியை வகுப்பிற் படித்துச் சொன்னபோதெல்லாம் பிள்ளைகள் சிரித்திருக்கின்றனர். நாமும் சேர்ந்து சிரித்ததுண்டு. போர்வீரன் தன் ஆயுதத்தை எரிப்பதா என்று. ஏரிக்கரையில் ஒரு பொத்தானோடு போராடிய அன்றுதான் அது விளங்கிற்று. விரல் மரத்தவனுக்குத் துப்பாக்கி எதற்கு? மருந்தைத் திணிக்கவும் திரியைப் பற்றவைக்கவும் உணர்வுள்ள விரல்கள் வேண்டுமே. அவ்வீரன் முட்டாளல்லன். தனக்குப் பயன்படாத ஒன்றைப் பயன்படும் ஒன்றாக மாற்றினான்; அவ்வளவே.

டிசம்பர் 12ஆம் திகதி படையிற் பாதிப்பேராலேனும் ஆயுதத்தைப் பற்ற முடியவில்லை. ஜொராவர் சிங்கின் தோளிலே குண்டு பாய்ந்தது. குதிரையிலிருந்து வீழ்ந்தான். எதிரிகள் சூழ்ந்து அவனைக் கொன்றனர். தலைவன் வீழ்ந்ததும் படை சிதறிற்று. திபெத்தியர் ஓடியவர்களை நெடுந்தூரம் துரத்தவுமில்லை; மீதி வேலையைக் குளிர் பார்த்துக்கொள்ளும் என்பது அவர்களுக்குத் தெரியும். சென்றவர்களுள் உயிரோடு எஞ்சியவர் ஆயிரம் பேருக்கு மேலிரார். அவருள்ளும் எழுநூறு பேர் வரை கைதிகள்.

பஸ்திராம் தக்லாகோட்டை அடுத்த கோட்டையைக் காத்திருந்தான். தலைவனின் முடிவை அறிந்து, தன் ஆட்களுடன் காளி நதி தோன்றும் பனிமலையைத் தாண்டிப் பிரித்தானியரின் குமாவோனுக்கு ஓடினான். அவர்களை எவரும் தாக்கவில்லை. ஆயினும் வழியிலே பாதிப்பேர் குளிரினால் மாண்டனர். எஞ்சியோர் பலர் கை கால் விரல்களை இழந்தே ஊர் போய்ச் சேர்ந்தனர். சிந்து நதியின் உறைநீரைப் பாலமாக்கித் தலைவனைக் கரையேற்றியவனுக்கு, இம்முறை பாலங்கட்டிக் கொடுக்க மலைவாசிகள் எவரும் முன்வரவில்லை. மடங்களைக் கொள்ளையிட்ட நாட்டிலே யார் வருவர்?

இதில் இன்னொரு விந்தை உண்டு. ஜொராவர் சிங்கின் முன்னேற்றம் பிரித்தானியருக்குப் பிடிக்கவில்லை. தம் ஆட்சிக்குட்பட்ட மலைநாட்டின் வழியே வந்துகொண்டிருந்த ஆட்டுமயிர் வாணிபம் கெடும் என்பது ஒன்று. நேபாளமும் லாகூரும் கைகோத்துவிடுமோ என்ற அச்சம் மற்றொன்று. ஆகவே மகாதேசாதிபதி ஒக்லண்ட் பிரபுவின் அரசாங்கம் லாகூர் மகாராஜா ஷேர் சிங்கை வற்புறுத்தி, ஜம்முப் படை திபெத்தை விட்டு வெளியேறத் தவணையும் வைத்தது. அத்தவணை 1841 டிசம்பர் 10ஆம் திகதி. சரியாகப் போர் தொடங்கிய நாள்!

பிறருக்குத் தவணை வைத்த அதே அரசாங்கத்தின் சேனையொன்று அவ்வேளையிலே காபுல் நகரில் முடங்கிக் கிடந்தது. அதுவும் அழையாத நாட்டிற் புகுந்த படையே. 1842 ஜனவரி 6ஆம் திகதி, நாலாயிரத்து ஐந்நூறு போர்வீரரும் ஏறக்குறைய பன்னீராயிரம் ஏவலாளரும் குடும்பத்தினருமாக அது காபுலை விட்டுப் புறப்பட்டது. முதலிரவே பனியிற் படுத்தவர்களிற் பலர் எழுந்திருக்கவில்லை. கணவாய்களில் ஆப்கானியரின் துப்பாக்கிகள் காத்திருந்தன. ஒரு வாரத்தின் பின்னர், 13ஆம் திகதி, வைத்தியர் பிறைடன் என்னும் ஒரேயொரு வெள்ளையர் களைத்த குதிரைமீது ஜலாலாபாத்தை அடைந்தார். கைதிகளாய்ப் பிழைத்தோரும் பின்னர் வந்துசேர்ந்த சில சிப்பாய்களும் உண்டு. வீரரிற் பெரும்பாலோர் இந்தியச் சிப்பாய்கள். வெயிலிலே பிறந்து வளர்ந்தவர்கள். தோயோவிலும் காபுல் வழியிலும் ஒரே மாரியில், ஒரு மாத இடைவெளியில், சமவெளியிலும் அடிவாரத்திலும் பிறந்த ஆயிரக்கணக்கான உழவர் பிள்ளைகள் தாம் கேள்விப்பட்டேயிராத மலைகளில் விறைத்து இறந்தனர். பிறைடனின் பெயரைப் பாடப்புத்தகங்கள் சொல்லும். அவர் படத்தை வரைந்து புகழ்பெற்ற ஓவியரும் உண்டு. ஏனையோருக்குப் பெயருமில்லை.

வென்ற திபெத்தியர் என்ன செய்தனர் என்று வாசகர் கேட்கலாம். அவர்களும் அதே பிழையைச் செய்தனர். 1842இல் லடாக்கின்மீது படையெடுத்து லே வரை சென்றனர். ஜம்முவிலிருந்து புதிய படை வந்து அவர்களைப் பின்தள்ளிற்று. சுஷூலுக்கு அண்மையிலே அவர்களுடைய பாசறைக்குள் ஆற்றைத் திருப்பிவிட்டு டோக்ராக்கள் வென்றனர். சிறைப்பட்ட திபெத்தியத் தளபதி ஒருவனைக் கொன்று ஜொராவர் சிங்குக்காகப் பழியுந் தீர்த்தனர். செப்ரெம்பர் மாதத்தில் உடன்படிக்கை எழுதினர். பழைய எல்லையே எல்லை; ஆட்டுமயிர் முன்போல லடாக்கின் வழியே செல்லும். ஈராண்டுப் போரின் ஊதியம் இதுவே. பேச்சாற் பெறக்கூடிய ஒன்றுக்கு எத்தனை விரல்கள்!

ஜொராவர் சிங்கை இந்தியா மறக்கவில்லை. லேயில் அவன் கட்டிய கோட்டை இன்று அவன் பெயரைத் தாங்கி நிற்கின்றது. லடாக்கு மலைகளிற் செலுத்துவதற்கென ஆக்கப்பட்டு 2024இற் காட்சிக்கு வந்த இலகு ரக யுத்த டாங்கிக்கும் 'ஜொராவர்' என்றே பெயரிட்டிருக்கின்றனர். அவனது வீரத்தை நாம் குறைத்துரைக்கவில்லை. ஆயினும் அப்பெயரைச் செய்தித்தாளிற் கண்டபோது, துப்பாக்கிக் கட்டையை எரித்துக் குளிர்காய்ந்தவனே எமது நினைவுக்கு முதலில் வந்தான்.

பரிக்கிரமத்தை முடித்துத் திரும்பும் வழியிலே தோயோவில் வண்டியை நிறுத்தும்படி கேட்டோம். கூட வந்தவர்கள் களைத்திருந்தனர், சிலர் முணுமுணுத்தனர். பத்து நிமிடம் கிடைத்தது. மேட்டை நெருங்கிப் பார்த்தால், எழுத்தோ சிற்பமோ இல்லாத எளிய குவியல். இறந்த எதிரிக்கு இதை எழுப்பியவர் திபெத்தியர் என்பதே இதன் சிறப்பு. சாதாரணக் குண்டு அவனைத் துளைக்காது, பொன்னாற் செய்த குண்டினாலேதான் அவன் வீழ்ந்தான் என்று இப்பகுதியார் நெடுங்காலம் கதை சொல்லிவந்தனர். கொன்றவனே கொல்லப்பட்டவனைப் பற்றி இப்படிக் கதைகட்டுவது எல்லா நாட்டிலும் நடப்பதன்று.

கைதிகளைப் பற்றியும் அங்கு நின்று எண்ணினோம். அவர்கள் லாசாவுக்குக் கொண்டுசெல்லப்பட்டனர். அரசன் அகமது ஷா சிறையிலேயே இறந்தான். தன் நாட்டைப் பறித்தவனுக்காகப் போருக்கிழுக்கப்பட்டுப் பிறிதொரு நாட்டில் மாண்ட அவன் விதி எல்லாவற்றிலும் கொடிது. எஞ்சியோரில் ஒருபகுதியினர் 1856இல் நேபாளத்துக்கும் திபெத்துக்கும் ஏற்பட்ட உடன்படிக்கையாலே விடுதலை பெற்றனர். பதினான்கு ஆண்டுகள்! வேறு சிலர் திபெத்தியப் பெண்களை மணந்து அங்கேயே தங்கிவிட்டனர். தென் திபெத்திலே அப்ரிக்கொட், திராட்சை முதலிய பழச்செடிகளைப் பயிரிடக் கற்பித்தவர்கள் இவர்களே என்று திபெத்திய வரலாற்றாசிரியர் கூறுவர்.

மேட்டின் பின்னால் வயலில் ஒரு மூதாட்டி பட்டாணி பறித்துக்கொண்டிருந்தார். எம்மைக் கண்டு சிரித்து, ஒரு கைப்பிடி பச்சைப் பட்டாணியை எமது கையுறை மேலேயே வைத்தார். மேற்கே லிபுலேக் பக்கத்து மலைகள் மாலை வெயிலிற் பொன்னாய் நின்றன. பஸ்திராமின் ஆட்கள் ஓடிய திசை அது. வழிகாட்டி கையைத் தட்டி அழைத்தார், ஏறிக்கொண்டோம்.

தக்லாகோட்டில் இரவு தங்கி, மறுநாட் காலை ஹில்சாவுக்கு இறங்கினோம். வண்டிக்குள் நல்ல வெப்பம். சக யாத்திரிகர் மேலங்கிகளைக் கழற்றிவிட்டனர். பாலத்தைக் கடந்து நேபாள மண்ணில் கால் வைக்கும் வரை நாம் கையுறைகளைக் கழற்றவில்லை.